மழை நின்ற பிறகும் ஓடும் தண்ணீர்

மழை பெய்து பல வாரம் ஆகிவிட்டது. காட்டுக்குள் ஒரு சின்ன ஓடை மட்டும் ஓடிக்கொண்டே இருக்கிறது. ஒரே எட்டில் தாண்டிவிடலாம், ஆழமும் கணுக்கால் அளவுதான். மேலே ஏரி கிடையாது, பனிமலை கிடையாது, கொப்பளிக்கும் ஊற்று என்று எதுவும் கண்ணில் படுவதில்லை. இருந்தும் தண்ணீர் வந்துகொண்டே இருக்கிறது. எங்கிருந்து வருகிறது?

இந்த ஒரு கேள்விதான் என்னைப் பல வருடங்களாகக் காட்டோடைகளின் பின்னால் இழுத்துக்கொண்டு போகிறது. பெரிய ஆறுகளைப் பற்றி எழுத ஆள் இருக்கிறார்கள். பெயர்கூட இல்லாத இந்தச் சின்ன நீர்வழிகளைப் பற்றிப் பேசுகிறவர்கள் குறைவு. இவ்வளவு நாள் பார்த்ததில் எனக்கு உறுதியாகத் தெரிந்தது இதுதான்: ஓடையைப் புரிந்துகொள்ள ஓடைக்குள் பார்த்துப் பயனில்லை. இரண்டு பக்கமும் ஏறிப்போகும் சரிவைப் பார்க்க வேண்டும், அதிலும் கண்ணுக்குத் தெரியாமல் காலுக்குக் கீழே இருக்கும் மண்ணை.

முதலில் எல்லையைச் சொல்லிவிடுகிறேன். ஓடையில் ஏதாவது ஓரிடத்தில் நின்றுகொண்டு, இந்த இடத்துக்குத் தண்ணீர் தரும் நிலம் எதுவரை என்று கேட்டால், விடை மேலே இருக்கும் மேட்டு வரம்பில் கிடைக்கும். வரம்புக்கு இந்தப் பக்கம் விழும் துளி நம் ஓடைக்கு, அந்தப் பக்கம் விழுவது அடுத்த ஓடைக்கு. வரம்பை அப்படியே சுற்றி வந்தால் உள்ளே அடைபடும் நிலம்தான் நீர்ப்பிடிப்புப் பகுதி. சம உயரக் கோடுகள் போட்ட வரைபடம் இருந்தால் பென்சிலாலேயே இதை வரைந்துவிடலாம். கோடுகள் மேல்நோக்கிக் கூராக வளையும் இடம் நீர்வழி, கீழ்நோக்கிப் பிதுங்கும் இடம் மேடு. ஆனால் வரம்பின் மேல் நடந்து பார்ப்பதுதான் எனக்குப் பிடிக்கும். சில இடத்தில் அது குறுகி, இரண்டு பக்கமும் சரிந்து, தெளிவாக இருக்கும். சில இடத்தில் அகன்ற திட்டாகப் பரந்துபோய், தரை எந்தப் பக்கம் சாய்கிறது என்றே சொல்ல முடியாது. வரைபடத்தில் மெல்லிய கோடாக இருக்கும் எல்லை நிலத்தில் எவ்வளவு குழப்பமானது என்பது அங்கே நின்றால்தான் தெரியும்.

சரி, இப்போது ஒரு சின்னக் கணக்கு. ஒரு சதுர கிலோமீட்டர் நீர்ப்பிடிப்பு உள்ள ஓடையை எடுத்துக்கொள்வோம். அதன் மேல் 1 மில்லிமீட்டர் மழை விழுந்தால் மொத்தம் 10 லட்சம் லிட்டர். வறண்ட நாளில் அந்த ஓடையில் நொடிக்கு 5 லிட்டர் ஓடுகிறது என்று வைத்துக்கொண்டால், நாளொன்றுக்கு 4,32,000 லிட்டர். கேட்கப் பெரிய எண். அதையே நீர்ப்பிடிப்பு முழுவதும் பரப்பினால் அரை மில்லிமீட்டர்கூடத் தேறாது, 0.43 மில்லிமீட்டர்தான். ஒரு நல்ல மழையில் 50 மில்லிமீட்டர் பெய்து, அதில் பாதி மண்ணுக்குள் தங்கி, வேறு யாரும் அதை எடுக்காமல் இருந்தால், அந்த ஒரு மழையே இந்த ஓடையை ஏறக்குறைய இரண்டு மாதம் ஓட்டிவிடும். இந்தக் கணக்கை முதன்முதலில் போட்டுப் பார்த்தபோது எனக்கு ஓடையின் மேல் இருந்த வியப்பு சரிவின் மேல் திரும்பிவிட்டது. இவ்வளவு மெல்லிய படலத்தை இவ்வளவு மெதுவாக அந்த மண் எப்படி விட்டுக்கொடுக்கிறது?

இந்த மாதிரி கணக்குக்கு நீண்ட வரலாறு உண்டு. ஆற்றுக்கு மழைத்தண்ணீரே போதும் என்பது இன்று நமக்கு வெளிப்படையான விஷயம். 17ஆம் நூற்றாண்டு வரை ஐரோப்பாவில் படித்தவர்களே இதை நம்பவில்லை. மழை போதாது, கடல்நீர் பூமிக்கடியில் உள்ள வழிகளில் ஏறி வந்து மலையில் ஊற்றாகிறது என்றுதான் பலர் எழுதினார்கள். பிரான்ஸில் பியர் பெரோ என்பவர், சேன் ஆற்றின் தலைப்பகுதியில் ஓராண்டில் விழும் மழையையும் பனியையும் ஆற்றில் ஓடும் நீரையும் கணக்கிட்டுப் பார்த்து, விழுவது ஓடுவதைப்போல் சுமார் ஆறு மடங்கு என்று 1674இல் வெளியிட்டார். போதாது என்று சொன்ன மழை, தேவைக்கு மேல் இருந்தது. நீரியல் என்ற துறை அங்கே தொடங்கியது என்று பலர் சொல்வார்கள். எனக்கு அதில் பிடித்தது, எடுத்த எடுப்பில் கடலை ஆராயப் போகாமல், அளக்கக்கூடிய ஒரு தலைப்பகுதியை அவர் தேர்ந்தெடுத்தார் என்பது.

ஆனால் பெரோவின் கணக்கு ஓராண்டுக்கானது. ஒரு மழைக்கும் ஓடைக்கும் இடையில் என்ன நடக்கிறது என்பதை அது சொல்லவில்லை.

அமெரிக்க நீரியலாளர் ராபர்ட் ஹார்ட்டன் 1933இல் ஒரு விளக்கம் கொடுத்தார். மண் ஒரு குறிப்பிட்ட வேகத்தில்தான் நீரை உறிஞ்சும், மழை அதைவிட வேகமாகப் பெய்தால் மிச்சம் தரைமேல் ஓடி ஓடையைச் சேரும் என்றார். வெற்று நிலத்துக்கும் உழுத வயலுக்கும் கெட்டித்துப்போன தரைக்கும் இது அருமையாகப் பொருந்துகிறது. காட்டுக்குப் பொருந்துவதில்லை. அடைமழையில் காட்டுக்குள் நின்று தரையைப் பார்த்தவர்களுக்கு இது தெரியும். சருகின் மேல் தண்ணீர் படபடவென விழும், சருகு நனைந்து பளபளக்கும், ஆனால் சரிவின் மேல் தண்ணீர் தாரையாக ஓடுவது அபூர்வம். விழுந்தது அங்கேயே இறங்கிவிடும். மேலே சருகு, அதன் கீழே பாதி மட்கிய சருகு, அதற்கும் கீழே கறுத்த மக்கு மண், அதில் மண்புழு போட்ட துளைகள், செத்துப்போன வேர்கள் விட்டுச்சென்ற குழாய் போன்ற பொந்துகள், எறும்பு வளைகள். மிதிபடாத காட்டுத்தரை மிகக் கனமான மழையைக்கூடப் பெரும்பாலும் அப்படியே உள்வாங்கிக்கொள்ளும். அந்த மழை முழுவதும் தரைக்கு வந்து சேர்வதில்லை என்பதும் உண்டு. காட்டின் வகையைப் பொறுத்துப் பத்தில் ஒரு பங்கிலிருந்து மூன்று பங்குவரை இலைகளிலும் கிளைகளிலும் தங்கி அப்படியே ஆவியாகிவிடும்.

தரைமேல் ஓடவில்லை என்றால், மழை பெய்த சில மணி நேரத்தில் ஓடை ஏன் வீங்குகிறது? இங்கேதான் விஷயம் சுவாரசியமாகிறது.

அமெரிக்காவின் வட கரோலினா மலைகளில் கோவீட்டா என்ற நீரியல் ஆய்வுக்காடு 1934 முதல் இயங்குகிறது. அங்கே ஜான் ஹ்யூலட் என்ற ஆய்வாளர் ஓர் எளிய சோதனை செய்தார். மலைச்சரிவில் ஒரு நீளமான கான்கிரீட் தொட்டியைச் சாய்வாகக் கட்டி, அதில் மண்ணை நிரப்பி, நன்றாக ஊறவிட்டு, மழையும் வெயிலும் படாமல் மேலே மூடிவிட்டார். கீழ்முனையில் வெளியேறும் நீரை அளந்தார். முதலில் வேகமாக வடிந்தது, பிறகு மெதுவானது, பிறகு மிக மெதுவானது. ஆனால் நிற்கவில்லை. ஒரு துளி மழைகூடச் சேராத அந்த மண், மாதக்கணக்கில் நீர் விட்டுக்கொண்டே இருந்தது. ஓடையை வற்றாமல் வைத்திருக்கப் பாறைக்கடியில் பெரிய நீர்த்தேக்கம் இருந்தே தீர வேண்டும் என்ற கட்டாயமில்லை. சரிவில் உள்ள மண்ணே அந்த வேலையைச் செய்ய முடியும். நீரியலில் நான் படித்த சோதனைகளில் இதுபோல் எளிமையாக ஒரு பெரிய விஷயத்தைக் காட்டியது வேறு எதுவும் நினைவுக்கு வரவில்லை.

அப்புறம் ஓடை வீங்கும் விஷயம். மழை நீருக்கும் ஏற்கெனவே மண்ணில் இருந்த நீருக்கும் ஆக்சிஜன் அணுவின் சற்றே கனமான வகையின் (ஐசோடோப்பு என்பார்கள்) அளவில் சின்ன வேறுபாடு இருக்கும். அதை வைத்து, வெள்ளத்தின்போது ஓடையில் ஓடுவது எந்த நீர் என்று பிரித்துச் சொல்லலாம். 1970களில் இந்த முறை பரவியபோது கிடைத்த விடை பலரைத் திகைக்க வைத்தது. ஈரமான காட்டுப் பகுதிகளில், மழையின்போது பெருகி ஓடும் நீரில் பாதிக்கு மேல், பல சமயம் அதற்கும் அதிகமாக, அன்று பெய்த மழை கிடையாது. அதற்கு முன்பே மண்ணுக்குள் வந்து காத்திருந்த பழைய நீர். புது மழை மேலிருந்து இறங்கி மண்ணை நிரப்ப, அந்த அழுத்தத்தில் கீழ்ப்பகுதியில் இருந்த பழைய நீர் ஓடைக்குள் தள்ளப்படுகிறது. ஏற்கெனவே நிரம்பியிருக்கும் ரப்பர் குழாயில் குழாயடியைத் திறந்தால் மறுமுனையில் உடனே தண்ணீர் வருகிறதே, வருவது இப்போது உள்ளே போன தண்ணீர் இல்லை அல்லவா, அப்படி. தள்ளல் வேகமாகப் போகிறது, தண்ணீர் மெதுவாகப் போகிறது. இந்த இரண்டு வேகங்களையும் பிரித்துப் பார்க்கத் தெரிந்துவிட்டால் காட்டோடையின் பாதிப் புதிர் அவிழ்ந்துவிடும்.

மீதிப் பாதி, ஓடையின் நீளம் ஒரு நிலையான அளவு இல்லை என்பதில் இருக்கிறது.

எங்கே தொடங்குகிறது என்று பார்க்க நான் எப்போதும் மேல்நோக்கித்தான் நடப்பேன். கீழே தெளிவான கரையும் கூழாங்கல் படுகையும் இருக்கும். மேலே போகப் போகக் கரை தாழ்ந்து, கல் குறைந்து, சேறும் சருகும் கூடும். ஒரு இடத்தில் ஓடும் நீர் காணாமல் போய், தரை மட்டும் சொதசொதவென இருக்கும். இன்னும் கொஞ்சம் ஏறினால் அந்த ஈரமும் போய்விடும், ஆனால் நிலம் ஒரு ஆழமில்லாத பள்ளமாக வளைந்து மேலே போய்க்கொண்டே இருக்கும். கோடையில் அந்தப் பள்ளத்தில் நடந்தால் செருப்பு நனையாது. தொடர்மழைக்குப் பிறகு அதே இடத்தில் ஓடை ஓடிக்கொண்டிருக்கும். எங்கெல்லாம் மண் முழுக்க நிரம்பி நீர்மட்டம் தரையைத் தொடுகிறதோ அங்கெல்லாம் ஓடை முளைக்கிறது. மழைக்காலத்தில் கிளைகிளையாகச் சரிவில் ஏறிப் போகிறது, வறண்ட மாதங்களில் பின்வாங்கிக் கீழே இறங்குகிறது. அந்த நிரம்பிய தரையின் மேல் விழும் மழைக்கு இறங்க இடமில்லை, அது மட்டும் நேராக ஓடைக்குப் போகும். வெள்ளத்தில் கலக்கும் புதுநீர் பெரும்பாலும் அங்கிருந்து வருவதுதான். நிரம்பும் பரப்பு மழைக்கு மழை விரிந்து சுருங்குகிறது என்பதையும் ஹ்யூலட்தான் 1960களில் வலியுறுத்தினார்.

இதனால்தான் வரைபடத்தில் இருக்கும் நீலக் கோட்டை நான் நம்புவதில்லை. கோடு ஓரிடத்தில் தொடங்குகிறது, நிலத்தில் அப்படி ஒரு இடம் இல்லை. சின்ன ஓடைகள் பல வரைபடங்களில் ஏறுவதே இல்லை. கிளை எதுவும் சேராத தலையோடையை முதல் வரிசை ஓடை என்பார்கள். ஹார்ட்டன் 1945இல் வகுத்து, ஆர்தர் ஸ்ட்ராலர் பின்னால் திருத்திய முறை இது. இரண்டு முதல் வரிசை ஓடைகள் சேர்ந்தால் இரண்டாம் வரிசை, இரண்டு இரண்டாம் வரிசைகள் சேர்ந்தால் மூன்றாம் வரிசை. இரண்டாம் வரிசையில் ஒரு முதல் வரிசை வந்து விழுந்தால் எண் மாறாது. இப்படி எண்ணிக்கொண்டு போனால், ஓர் ஆற்று வலையின் மொத்த நீளத்தில் மூன்றில் இரண்டு பங்குக்கும் மேல் முதல், இரண்டாம் வரிசையில் அடங்கிவிடும். நீர்வழியின் பெரும்பகுதி நாம் தாண்டிக்கொண்டு போகும் அளவிலேயே இருக்கிறது. பாதுகாப்பு விதிகளோ பெரும்பாலும் வரைபடத்தில் கோடு இருக்கும் ஓடைக்குத்தான் பொருந்துகின்றன. பருவத்தில் மட்டும் ஓடும் அந்த மேல்பள்ளத்தை யார் நிரப்பினாலும் யாரும் கேட்பதில்லை. இது எனக்கு உண்மையிலேயே வருத்தம் தரும் விஷயம்.

மரங்களைப் பற்றிப் பேசாமல் காட்டோடையைப் பற்றிப் பேச முடியாது. முன்பு போட்ட கணக்கில் ஓடை நாளொன்றுக்கு 0.43 மில்லிமீட்டர் எடுத்துக்கொண்டது அல்லவா? நன்கு வளரும் பருவத்தில் ஈரம் உள்ள ஒரு காடு வெயில் நாளில் 3, 4 மில்லிமீட்டர் நீரை இலைவழியாக வெளியேற்றும். ஓடைக்குக் கிடைப்பதைப் போல் ஏழு முதல் ஒன்பது மடங்கு. அதாவது ஓடையில் ஓடுவது மரங்கள் குடித்தது போக மிஞ்சியது.

இதைக் கண்ணாலேயே பார்க்கலாம். மழையில்லாத நாட்களில் ஓடையில் ஒரு அளவுகோலை நட்டு, ஒருநாள் முழுக்க நீர்மட்டத்தைக் குறித்துக்கொண்டே வாருங்கள். காலையில் உச்சத்தில் இருக்கும் மட்டம், வெயில் ஏற ஏற மெல்ல இறங்கி, பிற்பகலில் அல்லது மாலையில் மிகக் குறைவாகும். இரவில் இலைத்துளைகள் மூடிய பிறகு மறுபடி ஏறும். வேறுபாடு சில மில்லிமீட்டர்தான், ஓடைக்கரையில் உள்ள வேர்கள் எவ்வளவு எடுக்கின்றன என்பதைப் பொறுத்து மாறும். ஆனால் ஒரு காடு மூச்சு விடுவதைத் தண்ணீரில் அளக்க முடிகிறது என்பது எனக்கு இன்றும் அலுக்காத அதிசயம்.

மரங்களை வெட்டினால் ஓடை பெருகுமா? குறுகிய காலத்தில் பெருகும். அமெரிக்காவின் நியூ ஹாம்ப்ஷயரில் உள்ள ஹப்பர்ட் புரூக் ஆய்வுக்காட்டில் இதைச் செய்தே பார்த்தார்கள். ஹெர்பர்ட் போர்மனும் ஜீன் லைக்கன்ஸும் நண்பர்களோடு 1963இல் அங்கே ஆய்வைத் தொடங்கினார்கள். ஒரு சிறு நீர்ப்பிடிப்பு முழுவதும் இருந்த மரங்களை 1965இன் கடைசியில் வெட்டிச் சாய்த்து, மரங்களை அங்கேயே போட்டுவிட்டு, மறுபடி எதுவும் முளைக்காதபடி மருந்தும் அடித்தார்கள். முதல் ஆண்டிலேயே ஓடையின் நீர் சுமார் 40 சதவீதம் கூடியது. கூடவே இன்னொன்றும் நடந்தது. வேர்கள் பிடித்து வைத்திருந்த நைட்ரேட் என்ற சத்து கரைந்து ஓடைக்குள் கொட்டியது, குடிநீருக்கான வரம்பையே தாண்டியது. கால்சியமும் பொட்டாசியமும் கூடப் பின்னாலேயே போயின. நீர் அதிகமாக வந்தது உண்மை, மண்ணின் சேமிப்பையும் சேர்த்து எடுத்துக்கொண்டு வந்தது.

போஷ் என்ற ஆய்வாளரும் ஹ்யூலட்டும் உலகெங்கும் நடந்த 94 நீர்ப்பிடிப்புச் சோதனைகளைத் தொகுத்து 1982இல் வெளியிட்டபோதும் போக்கு இதுதான். மரம் குறைந்தால் ஆண்டு மொத்த நீர் கூடுகிறது, மரம் கூடினால் குறைகிறது. காடு இருந்தால் தண்ணீர் பெருகும் என்று பொத்தாம் பொதுவாகச் சொல்கிறவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லை, காட்டின் மேல் எவ்வளவு அன்பு இருந்தாலும் சரி. காடு தருவது மண். ஆண்டு மொத்தம் கொஞ்சம் குறைந்தாலும், மழையை உள்ளே இறக்கி, மாதக்கணக்கில் விட்டுக்கொடுக்கும் அந்த மண்தான் ஓடைக்கு வேண்டியது. வெட்டிய இடத்தில் வண்டிகள் ஓடி, மாடுகள் மிதித்து, மண் கெட்டித்துப்போனால், ஹார்ட்டன் சொன்ன தரைமேல் ஓட்டம் காட்டுக்குள்ளும் வந்துவிடும். மழையன்று வெள்ளம், வறண்ட மாதத்தில் வெறும் கல். மொத்த அளவைப் பார்த்துச் சந்தோஷப்படுகிறவர்கள் அந்த வறண்ட மாதத்தில் போய்ப் பார்க்க வேண்டும்.

ஓடையின் வடிவத்துக்கும் காடுதான் காரணம். சரிவான காட்டோடை வழுக்கிக்கொண்டு இறங்குவதில்லை, படிப்படியாக இறங்குகிறது. ஒரு பெரிய கல்லோ விழுந்த மரமோ குறுக்கே கிடக்கும். அதன் பின்னால் மணலும் சரளையும் சேரும், முன்னால் தண்ணீர் விழுந்து குழி பறித்து மடுவாகும். மேலிருந்து கீழே வரும் சக்தியின் பெரும்பகுதி அந்த விழுகைகளிலேயே தீர்ந்துவிடுகிறது, கரையை அரிக்க மிச்சம் அதிகம் இருப்பதில்லை. சுத்தம் செய்கிறோம் என்று விழுந்த மரங்களை ஓடையிலிருந்து இழுத்துப் போடும் வழக்கம் பல நாடுகளில் நெடுங்காலம் இருந்தது. பின்னால் தேங்கியிருந்த சரளை ஒரே வெள்ளத்தில் போய்விட்டது, மடுக்கள் மறைந்தன, மீன்களுக்கு ஒதுங்க இடமில்லாமல் போனது. இப்போது அதே ஓடைகள் சிலவற்றில் செலவு செய்து மரங்களைத் திரும்பப் போடுகிறார்கள். கிடக்கும் மரம் அங்கே குப்பை இல்லை, ஓடையின் எலும்பு.

அந்தப் படிகளில் சருகும் சிக்கிக்கொள்ளும். நிழல் அடர்ந்த ஓடையில் பாசிக்கு வெளிச்சம் போதாது, அதனால் அங்கே உணவு மேலிருந்து விழ வேண்டும். ஹப்பர்ட் புரூக்கில் பேர் புரூக் என்ற ஓடையைக் கணக்கெடுத்து 1973இல் வெளியிட்டார்கள். அந்த ஓடைக்குள் வரும் உணவாற்றலில் 99 சதவீதத்துக்கும் மேல் காட்டிலிருந்து வந்ததுதான், இலையாகவும் சுள்ளியாகவும் கரைந்த பொருளாகவும். விழுந்த இலையில் முதலில் பூஞ்சை ஏறும், பிறகு பூச்சிப் புழுக்கள் வந்து நரம்பை மட்டும் விட்டுவிட்டுத் தின்னும், அவை கழித்துவிடும் தூளை அடுத்த மடுவில் இருக்கும் வேறு பூச்சிகள் வடிகட்டித் தின்னும். மடுவில் கையை விட்டு ஒரு பிடி ஊறிய சருகை எடுத்துப் பிரித்துப் பார்த்தால் நரம்பு வலை மட்டும் மிஞ்சிய இலைகள் கிடைக்கும். நான் ஒவ்வொரு ஓடையிலும் முதலில் பார்ப்பது அதைத்தான். இலை முழுசாக, பூச்சி தொடாமல் கிடந்தால் அந்த நீரில் ஏதோ சரியில்லை என்று சந்தேகப்படுவேன்.

ஒரு சின்ன விலகல்: ஓடையின் சத்தம். தண்ணீர் கல்லில் மோதுவதால் வருகிறது என்றுதான் நினைப்போம். பெரும்பகுதி அப்படி இல்லை. விழும் நீர் காற்றைச் சிறைப்பிடித்துக் குமிழியாக்குகிறது, அந்தக் குமிழிகள் அதிர்வதுதான் சலசலப்பு. டச்சு விஞ்ஞானி மார்சல் மின்னார்ட் 1933இல் இதற்கான சமன்பாட்டைக் கொடுத்தார். குமிழி பெரிதானால் சுருதி இறங்கும். மழைக்குப் பின் ஓடையின் குரல் கனத்துக் கேட்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

இனி அளவு. ஓடையைப் பற்றிப் பேசுகிறவர் ஒரு முறையாவது அதை அளந்து பார்த்திருக்க வேண்டும் என்பது என் கட்சி. தண்ணீர் ஒரு கல் விளிம்பிலிருந்து மொத்தமாக விழுகிற இடம் கிடைத்தால் ஒரு வாளியும் கடிகாரமும் போதும், வாளி எத்தனை நொடியில் நிரம்புகிறது என்று பார்த்தால் முடிந்தது. இல்லையென்றால் நேரான ஒரு பகுதியைத் தேர்ந்தெடுத்து, ஒரு சுள்ளியை மிதக்கவிட்டு வேகத்தைப் பார்த்து, அகலத்தையும் சராசரி ஆழத்தையும் பெருக்கி, மேல்பரப்பு அடியைவிட வேகமாக ஓடும் என்பதால் ஐந்தில் ஒரு பங்கு குறைத்துக்கொள்ள வேண்டும். ஆய்வுக்காடுகளில் ஓடையின் குறுக்கே ஒரு சுவர் கட்டி, அதன் நடுவில் வி வடிவத்தில் வெட்டு வைத்திருப்பார்கள். 90 டிகிரி வெட்டில் நீர் 10 சென்டிமீட்டர் உயரம் நின்றால் நொடிக்குச் சுமார் 4.4 லிட்டர். 20 சென்டிமீட்டர் நின்றால் சுமார் 25 லிட்டர். உயரம் இரண்டு மடங்கு, ஓட்டம் ஐந்தரை மடங்குக்கும் மேல். கணுக்கால் அளவு ஓடை முழங்காலுக்கு ஏறும்போது அது என்ன பலத்தோடு வருகிறது என்பதை அந்த எண்கள் சொல்லிவிடும்.

சாலையைப் பற்றியும் சொல்ல வேண்டும். மலைச்சரிவைக் குறுக்கே வெட்டிச் சாலை போட்டால், மண்ணுக்குள் மெதுவாக இறங்கிக்கொண்டிருந்த நீர் வெட்டுமுகத்தில் வெளியே கசியும். சாலையோரக் கால்வாயில் சேர்ந்து, வாரக்கணக்கில் போக வேண்டியது நிமிடங்களில் ஓடைக்குப் போய்விடும். சாலையோரக் கால்வாய் ஒவ்வொன்றும் ஓடைக்குப் புதிதாக முளைத்த கிளை மாதிரிதான் நடந்துகொள்கிறது. குறுக்கே போடும் குழாய்ப்பாலம் சிறிதாக இருந்தால் இன்னொரு தொல்லை. வெள்ளத்தில் சருகும் கட்டையும் அடைத்து, தண்ணீர் சாலைமேல் ஏறி, கரையையே அறுத்துக்கொண்டு போகும். குழாயின் அகலத்தை வறண்ட நாளில் ஓடும் தண்ணீரைப் பார்த்து முடிவு செய்யக் கூடாது. கரையிலிருந்து கரைக்கு ஓடை தானே வெட்டிக்கொண்ட அகலத்தைப் பார்த்துத்தான் முடிவு செய்ய வேண்டும்.

கடைசியாக, இப்போது என் தலையைக் குடைந்துகொண்டிருக்கும் விஷயம். நான் அடிக்கடி போகும் ஒரு காட்டில் இரண்டு தலையோடைகள் ஒன்றாகச் சேர்கின்றன. நீர்ப்பிடிப்பின் பரப்பு ஏறக்குறைய ஒன்று, மழை ஒன்று, மரங்களும் ஒரே வகை. ஒன்று கோடையில் வற்றிவிடுகிறது, மற்றது வற்றுவதில்லை. வற்றாத ஓடை வெயில் உச்சத்தில் கையில் சில்லென்று இருக்கும், குளிர்ந்த விடியலில் காற்றைவிட வெதுவெதுப்பாக இருக்கும். ஆழத்தில் நெடுநாள் இருந்து வரும் நீரின் அடையாளம் அது. ஆண்டு முழுவதும் அதன் வெப்பம் அதிகம் மாறாது. வற்றும் ஓடையின் நீரோ காற்றோடு சேர்ந்து சூடாகிக் குளிர்கிறது. அப்படியானால் வேறுபாடு தரைக்குக் கீழேதான் இருக்க வேண்டும். ஒரு சரிவில் மண் ஆழமாக இருக்கலாம், அல்லது அடிப்பாறை விரிசல் விட்டு நீரைப் பிடித்து வைக்கலாம். அடிப்பாறை, தரை சாயும் திசையில்தான் சாய வேண்டும் என்றும் கட்டாயமில்லை. அது பக்கவாட்டில் சாய்ந்திருந்தால், மேட்டு வரம்புக்கு அடியிலேயே நீர் ஒரு ஓடையின் பங்கிலிருந்து இன்னொன்றின் பங்குக்கு மாறிப் போய்விடும். அப்போது நான் வரம்பின் மேல் நடந்து வரைந்த எல்லை மழைக்குச் சரி, ஓடைக்குச் சரியில்லை.

அதனால் இரண்டு சரிவுகளிலும், ஓடையிலிருந்து மேட்டுவரை வரிசையாக, ஒரு மெல்லிய இரும்புக் கம்பியைப் பாறை தட்டும்வரை இறக்கி மண்ணின் ஆழத்தைக் குறித்துக்கொண்டு வருகிறேன். வற்றும் ஓடையின் பக்கத்தில் பல இடங்களில் முழங்கை ஆழத்திலேயே கல் தட்டுகிறது. வற்றாத பக்கத்தில், சரிவின் கீழ்ப்பாதியில், கம்பி முழுவதும் இறங்கியும் அடி தட்டவில்லை. அடுத்த வறண்ட பருவத்துக்குள் இன்னும் நீளமான கம்பி ஒன்று செய்தாக வேண்டும்.